டாமி கூப்பர்: வித்தை தெரியாமல் சொதப்பினாரா, தெரிந்தே சொதப்பினாரா?

கொட்டகை ரசிகன்:

யூடியூபில் டாமி கூப்பர் என்று தட்டினால் முதலில் வந்து நிற்பது 1984இல் நேரலையில் அவர் மேடையிலேயே சரிந்து விழும் கடைசிக் காட்சிதான். அதற்கு முந்தைய முப்பத்தேழு வருஷத்தைப் பற்றித் தமிழில் யாரும் பேசி நான் பார்த்ததில்லை. அதனால் இந்த இழை.

ஆறடிக்கு மேல் உயரம், ஓடம் மாதிரி பாதம், தலையில் சிவப்புத் துருக்கித் தொப்பி. வித்தை காட்ட வருவார், வித்தை கெட்டுப்போகும், கெட்டுப்போனதில் நம்மைவிட அவரே அதிகம் திகைத்து நிற்பார். பிரிட்டனில் ஒரு தலைமுறையே இந்த முகத்தைப் பார்த்த மாத்திரத்தில் சிரித்திருக்கிறது.

பிறந்தது 1921 மார்ச் 19, வேல்ஸில் கேர்ஃபில்லி. மூன்று வயதில் குடும்பம் எக்ஸிட்டருக்குக் குடிபெயர்ந்தது. எட்டு வயதில் உறவுக்காரப் பெண்மணி ஒருவர் மேஜிக் பெட்டி வாங்கிக் கொடுக்க, பையனுக்குப் பித்து பிடித்தது. பதின்ம வயதில் சவுதாம்ப்டன் பக்கம் ஹைத்தில் படகு கட்டும் கம்பெனியில் அப்ரெண்டிஸ். அந்தக் கம்பெனி கேன்டீனில்தான் முதல் நிகழ்ச்சி. பயத்தில் நாக்கு ஒட்டிக்கொண்டது, செய்த வித்தையெல்லாம் கோணிக்கொண்டது, கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. அன்றைக்கு மனம் நொந்துதான் இறங்கினார். அந்தச் சிரிப்பிலேயே ஒரு பிழைப்பு இருக்கிறது என்பது பிறகுதான் உறைத்தது.

1940இல் ராயல் ஹார்ஸ் கார்ட்ஸ் படையில் சேர்ந்து ஏழு வருஷம். எகிப்தில் இருக்கும்போது படைவீரர்களுக்கான கலைக்குழுவில் புகுந்தார். வழக்கமாக சோலா தொப்பி போட்டுக்கொண்டு செய்கிற ஆள், கெய்ரோவில் ஒரு நாள் அதை மறந்துவிட்டு, பக்கத்தில் போன சர்வர் தலையிலிருந்த துருக்கித் தொப்பியை எடுத்து மாட்டிக்கொண்டார் என்பது கதை. அப்புறம் அது தலையை விட்டு இறங்கவே இல்லை. 1947இல் சைப்ரஸ் நிக்கோசியாவில் க்வென் ஹென்ட்டியுடன் கல்யாணம். ஊர் திரும்பி பிபிசி தேர்வுக்குப் போனால், தோற்றம் சரியில்லை, பேச்சும் தெளிவில்லை என்கிற ரீதியில் குறிப்பு எழுதி வைத்தார்கள். ஆனாலும் அதே 1947 கிறிஸ்துமஸுக்கு முந்தின நாள் தொலைக்காட்சியில் முகம் காட்டிவிட்டார். 1952இல் பிபிசியிலேயே தனித் தொடர்.

என் கேள்வி தலைப்பில் இருக்கிறது. என் கட்சியையும் இப்போதே சொல்லிவிடுகிறேன்: தெரிந்தேதான்.

தர்க்கப்புலி:

தெரிந்தே செய்தால் மட்டும் என்ன பெரிய விஷயம்? ஒரே நகைச்சுவை. வித்தை செய்வார், கெடும், ‘ஹா ஹா’ என்று இருமுவது மாதிரி சிரிப்பார், கையை ஆட்டி ‘ஜஸ்ட் லைக் தட்’ என்பார். முதல் தடவை சிரிப்பேன். மூன்றாவது தடவை எழுந்து காபி போடப் போவேன். மேஜிக்கில் தேறவில்லை, அதனால் காமெடிக்கு மாறினார் என்று நேராகச் சொல்லிவிட்டுப் போகலாமே. பழைய ஆள் என்றாலே மேதை என்று சொல்லியாக வேண்டுமா?

மதுரை ஜாலக்காரன்:

புலி அண்ணே, நான் பிறந்தநாள் விழா, கல்யாண வரவேற்பு என்று மேஜிக் பண்ணிப் பிழைக்கிறவன். தொழில் பக்கத்திலிருந்து கொஞ்சம் சொல்கிறேன்.

கூப்பரின் பாட்டில்-கிளாஸ் வித்தையைப் பாருங்கள். மேஜை மேல் ஒரு பாட்டில், ஒரு கிளாஸ், இரண்டையும் மூட இரண்டு குழாய். மூடித் திறந்தால் பாட்டில் இருந்த இடத்தில் கிளாஸ், கிளாஸ் இருந்த இடத்தில் பாட்டில். இது எங்கள் தொழிலில் எல்லோரும் செய்கிற பழைய சரக்கு. எப்படி என்று மட்டும் கேட்காதீர்கள். கூப்பர் முதல் சுற்றைச் சுத்தமாகச் செய்துவிடுவார். அடுத்த சுற்றில் வரக்கூடாத இடத்தில் ஒரு பாட்டில் வரும். அதைச் சட்டென்று மறைப்பார், இன்னொன்று வரும். அதை மறைப்பதற்குள் மேலும் ஒன்று. வாய் மட்டும் நிற்காமல் ‘பாட்டில், கிளாஸ்... கிளாஸ், பாட்டில்’ என்று சொல்லிக்கொண்டே இருக்கும். கண் ஒரு பக்கம், கை ஒரு பக்கம், வாய் ஒரு பக்கம். கடைசியில் மேஜை முழுக்கப் பாட்டில்.

இப்போது யோசியுங்கள். சரியாகச் செய்ய ஒரு வரிசை தெரிந்தால் போதும். இந்த மாதிரி கெடுக்க, சரியான வரிசையும் தெரிய வேண்டும், அது எந்த நொடியில் உடைந்தால் சிரிப்பு வரும் என்றும் தெரிய வேண்டும். அரை நொடி முந்தினால் ஜனங்களுக்கு உடைந்ததே தெரியாது. அரை நொடி பிந்தினால் ‘ஐயோ பாவம்’ என்று பரிதாபப்படுவார்கள். பரிதாபம் வந்துவிட்டால் சிரிப்பு செத்தது. நான் இதை வீட்டில் செய்து பார்த்திருக்கிறேன், என் மனைவி பரிதாபம்தான் பட்டாள்.

இன்னொன்று: ஐந்து வித்தை கெட்ட பிறகு ஆறாவதை அசால்ட்டாகச் சரியாக முடிப்பார், அதுவும் அவரே ஆச்சரியப்படுகிற மாதிரி. மேஜிக்காரர்களின் சங்கமான லண்டன் மேஜிக் சர்க்கிளில் உறுப்பினர். வித்தை தெரியாதவனை அங்கே வாசலோடு திருப்பி அனுப்பிவிடுவார்கள்.

கொட்டகை ரசிகன்:

புலி சொன்ன ‘ஒரே நகைச்சுவை’ விஷயத்துக்கு வருகிறேன். அதில் பாதி உண்மை இருக்கிறது. ஆனால் அந்தக் காலத்து வெரைட்டி மேடை எப்படி நடந்தது என்று தெரிந்தால்தான் அது புரியும்.

வெரைட்டி என்றால் நம்மூர் கதம்ப நிகழ்ச்சி போல: பாட்டு, நடனம், சைக்கிள் சர்க்கஸ், பொம்மையைப் பேச வைக்கிறவர், நடுவில் இப்படி ஒரு காமெடியன். ஒரு ராத்திரிக்கு இரண்டு காட்சி. ஒருவருக்குப் பத்துப் பன்னிரண்டு நிமிஷம். ஒரு வாரம் ஒரு ஊர், ஞாயிற்றுக்கிழமை ரயில், திங்கட்கிழமை அடுத்த ஊர். நாடு முழுக்க அரங்குகள் இருந்ததால் ஒரே ஊருக்குத் திரும்ப வர ஒரு வருஷத்துக்கு மேல் ஆகும். பத்து நிமிஷச் சரக்கு ஒன்று கையில் இருந்தால் பத்து வருஷம் ஓட்டலாம். ஓட்டினார்கள்.

தொலைக்காட்சி வந்ததும் அந்தப் பத்து வருஷச் சரக்கு ஒரே ராத்திரியில் தீர்ந்தது. நாடே பார்த்துவிட்டது, அடுத்த வாரம் என்ன செய்வாய்? 1955 செப்டம்பரில் ஐடிவி என்ற தனியார் சேனல் ஆரம்பித்த அதே வாரம் லண்டன் பல்லேடியம் அரங்கிலிருந்து ஞாயிறு இரவு நேரலையும் ஆரம்பித்தது. வெரைட்டியின் பெரிய நட்சத்திரங்கள் வீட்டுக் கூடத்திலேயே இலவசமாக வந்து இறங்கினார்கள். எதற்குக் காசு கொடுத்துக் கொட்டகைக்குப் போக வேண்டும்? அரங்குகள் ஒவ்வொன்றாக மூடின. இஸ்லிங்டனில் காலின்ஸ் 1958இல் தீப்பிடித்தது, அத்தோடு சரி. எட்ஜ்வேர் சாலை மெட்ரோபாலிட்டனை 1963இல் இடித்தார்கள். எத்தனையோ கலைஞர்கள் அந்த ஐந்தாறு வருஷத்தில் இருந்த இடம் தெரியாமல் போனார்கள்.

கூப்பர் தப்பித்தார். என் கணிப்பு, அவர் சரக்கு வித்தையில் இல்லை, ஆளில் இருந்தது. பாட்டில் வித்தையைப் பத்தாவது தடவை பார்க்கிறவனும் முடிவு என்ன என்று பார்க்கவில்லை; அந்த ஆள் இந்தத் தடவை எப்படித் தவிக்கப் போகிறார் என்று பார்க்கிறான். மற்றவர்களைக் கொன்ற அந்தத் ‘திரும்பச் செய்தல்’ இவருக்குச் சோறு போட்டது.

அதற்கு முன்னால் விண்ட்மில் தியேட்டர் பற்றி ஒரு வார்த்தை, இதைச் சொல்லாமல் இருக்க முடியாது. லண்டன் சோஹோவில் நாள் முழுக்கக் காட்சி ஓடும் இடம். நிர்வாணப் பெண்கள் சிலை மாதிரி நிற்பார்கள். நிற்கலாம், அசையக் கூடாது, அது அரசுத் தணிக்கை விதி! வந்த ஆண்கள் அவர்களைப் பார்க்க வந்தவர்கள். முன்வரிசையில் ஒருவன் எழுந்தால் பின்னால் இருப்பவர்கள் நாற்காலிகளைத் தாண்டிக் குதித்து அந்த இடத்தைப் பிடிப்பார்கள். இரண்டு காட்சிக்கு நடுவே போய் அவர்களைச் சிரிக்க வைக்க வேண்டும், நாளுக்கு ஐந்தாறு தடவை. பின்னாளில் பெரிய காமெடி ஜோடியான எரிக் மோர்காம்பும் எர்னி வைஸும் அங்கே ஒரு வாரத்திலேயே வெளியேற்றப்பட்டார்கள். பீட்டர் செல்லர்ஸ், ஹாரி சீகம்ப், கூப்பர் எல்லோரும் அந்த உலையில் வெந்தவர்கள்தான்.

தர்க்கப்புலி:

வெரைட்டி கணக்கு நன்றாக இருக்கிறது, அதை ஒத்துக்கொள்வதில் எனக்குச் சிக்கல் இல்லை. ஆனால் ‘ஆளே சரக்கு’ என்பது எனக்குப் பாராட்டாகப் படவில்லை. அப்படியென்றால் அவர் எதையும் புதிதாகச் செய்ய வேண்டியதே இல்லை, வந்து நின்றால் போதும். செய்தாரா?

கொட்டகை ரசிகன்:

செய்யப் பார்த்தார், பல தடவை சரியாக வரவில்லை. 1957இல் ஒரு தொடர், 1966 முதல் 69 வரை ‘லைஃப் வித் கூப்பர்’. அதில் யாரோ எழுதிய குட்டி நாடகங்களில் அவரை நடிக்க வைத்தார்கள். போலீஸ்காரர், கடைக்காரர் என்று வேஷம் போட்டால் அவர் பாதிக் கூப்பர்தான். மேஜையைப் போட்டுத் தனியாக விட்ட இடங்களில் முழுக் கூப்பர். தேம்ஸ் டெலிவிஷனில் 1973 முதல் 75 வரை வந்த ஒரு மணி நேர நிகழ்ச்சியிலும் இதே மேடு பள்ளம். அவருக்குத் தேவைப்பட்டது எழுத்தாளர் அல்ல, காலி மேடை.

அப்புறம் ஏஜென்ட் மிஃப் ஃபெரி. இவரும் பழைய இசைக்காரர், டிராம்போன் வாசித்தவர். நாற்பதுகளின் கடைசியில் ஒப்பந்தம் போட்டார்கள், சாகும்வரை அவர்தான். இரண்டு பேருக்கும் ஏழாம் பொருத்தம். சண்டை போட்டுக்கொண்டே முப்பத்தைந்து வருஷம். ஆனால் பிழைப்பு தவறாமல் நடந்தது.

சுபா_கே:

வித்தை, தொலைக்காட்சி என்றதும் எனக்கு நம் வங்காளத்து மேஜிக்காரர் பி. சி. சர்க்கார்தான் ஞாபகம் வருகிறார். கூப்பர் லண்டனில் வளர்ந்துவந்த அதே காலம், 1956 ஏப்ரல் 9. டியூக் ஆஃப் யார்க்ஸ் தியேட்டரில் நிகழ்ச்சி நடத்த வந்த சர்க்கார், பிபிசியின் பனோரமா நிகழ்ச்சியில் நேரலையாக வந்தார். தீப்தி டே என்ற பதினேழு வயதுப் பெண்ணை மேஜையில் படுக்க வைத்துச் சுழலும் ரம்பத்தால் இடுப்போடு அறுத்தார். அறுத்து முடித்து அவள் கையைத் தேய்க்கிறார், கூப்பிடுகிறார், பதில் இல்லை. அந்த நேரம் பார்த்துத் தொகுப்பாளர் ரிச்சர்ட் டிம்பிள்பி முன்னால் வந்து நிகழ்ச்சியை முடித்துவிட்டார். நேரம் ஆகிவிட்டதாம்! பெண்ணைக் கொன்றுவிட்டார்கள் என்று பிபிசிக்குப் போன் மேல் போன். மறுநாள் பத்திரிகையெல்லாம் அதுதான், தியேட்டரில் டிக்கெட் கிடைக்கவில்லை. நேரம் முடிவதை சர்க்கார் கணக்குப் போட்டுத்தான் இழுத்தார் என்று பலர் சொல்வார்கள். நானும் அப்படித்தான் நினைக்கிறேன்.

இருபத்தெட்டு வருஷம் கழித்து அதே நாட்டில், நேரலையில், ஒருவர் உண்மையிலேயே சாகிறார், பார்த்தவர்கள் வித்தை என்று சிரிக்கிறார்கள். சர்க்கார் சாவு மாதிரி ஒன்றைக் காட்டி நம்ப வைத்தார். கூப்பர் வாழ்நாள் முழுக்க ‘நான் விழுந்தால் சிரி’ என்று பழக்கி வைத்திருந்தார். சர்க்காரும் 1971 ஜனவரியில் ஜப்பானில் சுற்றுப்பயணத்தின் நடுவிலேதான் இறந்தார். மாரடைப்பு.

மதுரை ஜாலக்காரன்:

சுபா மேடம், எங்கள் ஆட்கள் கூட்டத்தில் சர்க்கார் பேர் சொன்னால் இன்றைக்கும் எழுந்து நிற்பார்கள். அந்த ரம்பம் விஷயத்தில் நீங்கள் சொன்னதே சரி. நேரம் தெரியாமல் நேரலைக்குப் போகிற ஆள் இல்லை அவர்.

வண்ணார்பண்ணை:

நான் அந்த ஏப்ரல் 15, 1984 நிகழ்ச்சியை நேரில, அதாவது டிவியில பார்த்தனான். எண்பத்து மூண்டு கலவரத்துக்குப் பிறகு லண்டன் வந்து, ஒரு அறையில நாலைஞ்சு பெடியள் இருந்த காலம். ஞாயிறு இரவு வீட்டுக்காரர் தன்ர கூடத்தில இருந்து பார்க்க விடுவார். ஆங்கிலப் பகிடி எங்களுக்குப் பாதிதான் விளங்கும். இந்த மனுசனுக்குப் பாஷை தேவையில்லை, அதால எங்களுக்கு இவரைச் சரியான விருப்பம்.

ஹர் மெஜஸ்டீஸ் தியேட்டர். ஒரு பொம்பிளைப் பிள்ளை வந்து பெரிய அங்கியைப் போட்டுவிட்டுப் போறா. அந்த அங்கிக்குள்ள இருந்து ஒவ்வொரு சாமானா எடுக்க வேணும், திரைக்குப் பின்னால இருந்து ஆள் கொடுப்பினம், அதுதான் பகிடி. மனுசன் அப்படியே மெதுவாச் சரிஞ்சு திரையோட சாய்ஞ்சு இருக்கிறார். சனம் சிரிக்குது. நாங்களும் சிரிச்சனாங்கள், வீட்டுக்காரரும் சிரிச்சவர். பிறகு மூச்சுச் சத்தம் ஒரு மாதிரிக் கேட்குது. உடனே விளம்பரம். விளம்பரம் முடிய வேற ஆக்கள் திரைக்கு முன்னால நிண்டு பாடினம், பகிடி விடினம். வீட்டுக்காரர் ‘ஏதோ சரியில்லை’ எண்டார். பிறகு செய்தியிலதான் தெரியும், ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போகேக்க முடிஞ்சுது எண்டு.

கொட்டகை ரசிகன்:

எழுதியதற்கு நன்றி ஐயா. திரைக்குப் பின்னால் சாமான் எடுத்துக் கொடுக்க நின்றவர் அன்றைய தொகுப்பாளர் ஜிம்மி டார்பக். அவருக்கும் முதலில் இது புதிதாகச் சேர்த்த விளையாட்டு என்றுதான் தோன்றியதாம். ஹவர்ட் கீல், லெஸ் டென்னிஸ், டஸ்டின் ஜீ ஆகியோர் மூடிய திரைக்கு முன்னால் நிகழ்ச்சியைத் தொடர்ந்தார்கள். ஆறே வாரத்தில் எரிக் மோர்காம்பும் டியூக்ஸ்பரியில் ஒரு மேடையை விட்டு இறங்கிய கையோடு சுருண்டு விழுந்தார், மே 28 விடியற்காலையில் ஆஸ்பத்திரியில் இறந்தார். அந்த வருஷம் பிரிட்டிஷ் காமெடிக்குக் கெட்ட வருஷம்.

பழையபடம்:

முழு வீடியோ என்னிடம் இருக்கிறது, சுட்டி கீழே போட்டிருக்கிறேன்.
[சுட்டி நீக்கப்பட்டது]

மட்டுறுத்துநர்:

ஒருவர் இறக்கும் காட்சிக்கான சுட்டியை இங்கே அனுமதிப்பதில்லை. மற்ற நிகழ்ச்சிகளின் சுட்டிகளைத் தாராளமாகப் போடலாம்.

பழையபடம்:

அன்றைக்குக் கோடிக்கணக்கான பேர் பார்த்ததுதானே? நிலவில் மனிதன் கால் வைத்ததைப் பார்க்கலாம், இதைப் பார்க்கக் கூடாதா?

சுபா_கே:

அன்றைக்குப் பார்த்தவர்களுக்கு என்ன பார்க்கிறோம் என்று தெரியாது. இன்றைக்குச் சொடுக்குகிறவருக்குத் தெரியும். வண்ணார்பண்ணை ஐயா சிரித்ததும் இன்றைக்குத் தெரிந்தே போய்ப் பார்ப்பதும் ஒன்று இல்லை. மட்டுறுத்துநர் செய்தது சரி.

தர்க்கப்புலி:

இதில் சுபாவோடு நிற்கிறேன். ஆனால் இழை மெல்ல அஞ்சலிக் கூட்டமாகிக்கொண்டிருக்கிறது, அதனால் மறுபக்கத்தையும் யாராவது சொல்ல வேண்டும். குடி. எழுபதுகளின் கடைசியில் அளவு மீறிப்போய் நிகழ்ச்சிக்குத் தாமதம், உளறல். 1977இல் ரோமில் மாரடைப்பு வந்தும் குடியும் சுருட்டும் பெரிதாகக் குறையவில்லை. 1980க்குப் பிறகு சொந்தத் தொடர் இல்லை, மற்றவர் நிகழ்ச்சியில் விருந்தாளி. 1967இலிருந்து மேடை மேலாளராக இருந்த பெண்ணோடு உறவு, வீட்டில் மனைவி. கஞ்சத்தனம் வேறு: டாக்சிக்காரரின் சட்டைப் பையில் எதையோ திணித்து ‘என் செலவில் ஒன்று குடி’ என்பாராம். போன பிறகு பார்த்தால் தேயிலைப் பை.

மதுரை ஜாலக்காரன்:

அந்தத் தேயிலைப் பைக்கு நான் சிரித்துவிட்டேன் அண்ணே, மன்னிக்கணும்.

கொட்டகை ரசிகன்:

புலி சொன்னதில் மறுக்க எதுவும் இல்லை. கடைசி வருஷங்களின் பதிவுகளைப் பார்த்தால் தெரிந்தே தடுமாறுவது எது, நிஜத் தடுமாற்றம் எது என்று பிரிக்க முடியாமல் போகிறது. அவரைச் சுற்றி இருந்தவர்களுக்கே அது தெரிந்திருக்காது. அந்தக் காலத்துப் பதிவுகளை நான் விரும்பிப் பார்ப்பதில்லை.

ஆனால் தலைப்புக் கேள்விக்கு ஒரு சாட்சி பாக்கி இருக்கிறது. லண்டன் விக்டோரியா ஆல்பர்ட் அருங்காட்சியகம் 2016இல் கூப்பரின் சேகரிப்பை வாங்கியது. 116 பெட்டி. மேடைச் சாமான்கள் ஒரு பக்கம் இருக்கட்டும். துணுக்குகளையெல்லாம் எழுதி, பொருள்வாரியாகப் பிரித்து, அகர வரிசையில் அடுக்கி வைத்திருந்தார். கோப்பு கோப்பாக. அருங்காட்சியகத்தார் தங்கள் வேலையை ஏற்கெனவே ஒருவர் செய்து வைத்தது போலத்தான் பேசினார்கள். மேடையில் தொப்பியையும் கதையையும் பொருத்தத் தெரியாமல் முழிக்கிற ஆள் வீட்டில் நூலகர்.

தர்க்கப்புலி:

அடுக்கி வைப்பது உழைப்பு. உழைப்பு இருந்தது என்று எழுதிக்கொள்ளுங்கள், மேதைமை என்று நான் கையெழுத்துப் போட மாட்டேன். சரி, நான் பார்த்தது இரண்டு மூன்று துண்டுதான். எங்கே ஆரம்பிக்கலாம்?

மதுரை ஜாலக்காரன்:

தொப்பி வித்தை. ஒரு பெட்டி நிறையத் தொப்பி, கதை சொல்லச் சொல்ல ஒவ்வொரு பாத்திரத்துக்கும் ஒரு தொப்பி மாற்ற வேண்டும். போகப் போகக் கதை ஒரு பக்கம், தொப்பி ஒரு பக்கம். கையை மட்டும் பாருங்கள், முகத்தைப் பார்க்காதீர்கள். எவ்வளவு சுத்தமான கை என்று தெரியும்.

வண்ணார்பண்ணை:

பாஷை விளங்காட்டில் 1967இல எரிக் சைக்ஸ் எடுத்த ‘தி பிளாங்க்’ பாருங்கோ. ரெண்டு பேர் ஒரு பலகையைத் தூக்கிக்கொண்டு போகினம், அவ்வளவுதான் கதை. பேச்சு இல்லையெண்டே சொல்லலாம்.

தர்க்கப்புலி:

இரண்டையும் ஞாயிற்றுக்கிழமை பார்க்கிறேன். சிரிப்பு வரவில்லை என்றால் திங்கட்கிழமை இங்கேதான் வந்து சண்டை போடுவேன்.

மதுரை ஜாலக்காரன்:

வாங்க அண்ணே. காபி போட எழுந்தீர்களா இல்லையா என்பதை மட்டும் மறைக்காமல் எழுதுங்கள்.